உள்ளே இல்லாத புலி

அவளுக்கு நாற்பத்தொன்பது வயது. போட்டோக் கடையில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து பத்தொன்பது வருடம் முடிந்துவிட்டது. எத்தனை பேருடைய கருவளையத்தை அழித்திருப்பாள், எத்தனை சட்டைக் காலரை நேராக்கியிருப்பாள் என்று பார்த்தால் ஒரு ஊரே தேறும். "கொஞ்சம் வெள்ளையா வரட்டும்மா" என்பார் ஒருவர். "அந்த மருவை மட்டும் எடுத்துடுங்க, மத்ததெல்லாம் நானேதான்" என்பார் இன்னொருவர். எல்லார் முகத்தையும் துலக்கி அனுப்பிவிட்டு வீட்டுக்குப் போனால், கண்ணாடியில் தன் முகத்தைப் பார்க்க அவளுக்குத் தெம்பு இருக்காது. தோளிலிருந்து கழுத்துவரை யாரோ கயிறு கட்டி இழுக்கிற மாதிரி ஒரு வலி. அது அவளோடு குடித்தனம் நடத்த வந்து ஆறேழு வருடம் ஆகிறது.

கடைக்கு வருகிறவர்கள் அவளைப் போட்டோக்காரம்மா என்பார்கள். உண்மையில் போட்டோ எடுப்பவர் முதலாளி. எடுத்தது எப்படி இருந்தாலும் அதைப் பார்க்கும்படி ஆக்குவது இவள் பாடு.

அவள் புருஷன் லிஃப்ட் மெக்கானிக். ஒன்பது மாடிக் கட்டடத்தின் உச்சியில், இயந்திர அறையில், ஸ்பேனரைக் கையில் பிடித்தபடி ஒருநாள் சும்மா உட்கார்ந்தான். எழுந்திருக்கவில்லை. மூளையில் ரத்தக் குழாய் அடைத்துக்கொண்டது என்றார்கள். வலது கை, வலது கால், பேச்சு, எல்லாம் ஒரே மூச்சில் போயிற்று. பதினோரு மாதத்தில் கால் பாதி திரும்பி வந்தது. பேச்சில் நாலு வார்த்தை வந்தது: வா, தண்ணி, இல்ல, பிறகு நாலு பேர் முன்னால் சொல்லக் கூடாத ஒரு வார்த்தை. எழுத்து வரவே இல்லை. வயரிங் படத்தை மேய்ந்த கண்ணுக்கு இப்போது செய்தித்தாளில் எறும்பு ஊர்கிறது. கண்ணில் கோளாறு இல்லை, படமெல்லாம் தெரிகிறது, எழுத்தை அறிந்துகொள்கிற இடம்தான் அடிபட்டுவிட்டது என்று டாக்டர் சொன்னார்.

கையும் வரவில்லை. மடியில் வைத்தால் மடியில், மேஜையில் வைத்தால் மேஜையில், யாரோ மறந்துவிட்டுப் போன கையுறை மாதிரி கிடந்தது.

வாரத்துக்கு இரண்டு நாள் ஆஸ்பத்திரியில் கைக்குப் பயிற்சி. சொல்லிக்கொடுப்பவள் சின்னப் பெண், சிடுசிடுப்பே கிடையாது. துளைப் பலகையில் குச்சி செருகச் சொல்வாள். கப்பை எடுத்துக் கப்புக்குள் போடச் சொல்வாள். இவன் முகத்தைத் திருப்பிக்கொள்வான். நூறு அடி உயரத்தில் கம்பிவடம் மாற்றிய மனுஷனைப் பிடித்துக் குச்சி செருகு என்றால் ரோஷம் வராதா? ரோஷம் வரட்டும், தப்பில்லை. ஆனால் ரோஷத்துக்குக் கையைப் பலி கொடுக்க முடியுமா?

அந்தப் பெண் ஒருநாள் இவளைத் தனியாக வெளியே கூப்பிட்டாள்.

"அம்மா, மறைக்காம சொல்றேன். இந்த இடத்துக்கு நாப்பது பேர் காத்துட்டு இருக்காங்க. மாசக் கடைசியில ஒவ்வொருத்தர் கையையும் பார்த்து எழுதணும். முன்னேற்றம் இல்லைன்னா, அடுத்த ஆளுக்குக் கொடுத்துடுவாங்க. என் கையில இல்லை."

"வீட்டுல செய்ய வைக்கிறேம்மா."

"நீங்க செய்ய வைக்கிறது வேற, அவரா செய்யறது வேற. அவரா ஆசைப்பட்டு அந்தக் கையைத் தூக்கணும். எதுக்காக வேணா இருக்கட்டும். சண்டை போடறதுக்காக இருந்தாலும் சரி."

மாசக் கடைசிக்கு இன்னும் இருபத்து மூன்று நாள் இருந்தது.

அந்த வாரம்தான் கொழுந்தனிடமிருந்து பார்சல் வந்தது. கொழுந்தன் தூரத்து நகரத்தில் ஒரு கிடங்கில் வேலை பார்க்கிறான். பிரித்தால் உள்ளங்கை அகலத்தில் ஒரு விளையாட்டுப் பெட்டி. அண்ணனும் தம்பியும் சின்ன வயதில் விளையாடிய பழைய கேம் பெட்டியைச் சலவையில் போட்டுச் சுருக்கிய மாதிரி, அச்சு அசலாக அதே உருவம். டிவியில் செருகினால் அறுபத்திரண்டு விளையாட்டு, கையில் பிடித்து ஆட கம்பியில் கோத்த ஒரு பொத்தான் பலகை. ஒவ்வொன்றுக்கும் ஒரு சின்ன அட்டைப் படம். இடது கையால் படங்களை நகர்த்தி, வலது கட்டைவிரலால் பொத்தானை அமுக்கினால் விளையாட்டு திறக்கும். தெருப் பிள்ளைகள் நடுவில் புருஷனுக்கு ஒரு காலத்தில் கட்டைவிரல் என்றுதான் பட்டப்பெயராம். அத்தனை வேகமாம்.

புருஷன் பெட்டியைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தான். இவளுக்கு வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. அவன் இடது கையால் படங்களை ஒரு கோடியிலிருந்து மறு கோடிவரை நகர்த்தினான். திரும்பி வந்தான். மறுபடி போனான். ஒன்றிலும் நிற்கவில்லை. பந்திக்கு வந்த இடத்தில் தெரிந்த முகம் ஒன்றுகூட இல்லாதவன் மாதிரி சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டு, "இல்ல" என்று கீழே வைத்தான்.

மூன்று நாள் இதே கதை. நாலாம் நாள் பெட்டியைக் காலால் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டான்.

அவள் யோசித்தாள். அட்டை முழுக்க எழுத்து, எழுத்துதான் அவனை மிரட்டுகிறது என்று அவளுக்குப் பட்டது. எழுத்தே இல்லாமல் படம் செய்தால்? படம் செய்வதுதானே அவள் பிழைப்பு. பெட்டிக்குள் விளையாட்டு ஒவ்வொன்றுக்கும் ஒரு படத்தை வைத்திருந்தார்கள். அதை எடுத்துவிட்டு, அதே பெயரில், அதே அளவில் வேறு படத்தை வைத்தால் டிவியில் புதுப்படம் வரும். ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து தானே ஒவ்வொரு விளையாட்டாகத் திறந்தாள். குதிக்கத் தெரியாமல் பள்ளத்தில் விழுந்தாள், சுடத் தெரியாமல் சுடப்பட்டாள். சாகிறதுக்குள் டிவியைச் செல்போனில் படம் பிடித்துக்கொண்டாள். விமான விளையாட்டுக்கு விமானம், கார் விளையாட்டுக்குக் கார். குழந்தைக்குக் கூட விளங்கும்.

மறுநாளிலிருந்து கடையில் சாப்பாட்டு நேரத்தில் அதே வேலை. முதலாளி எட்டிப் பார்த்தார்.

"என்னம்மா, கஸ்டமர் யாரு, பொம்மை துப்பாக்கியோட நிக்கிறாரு?"

"வீட்டு வேலை சார். சாப்பாட்டு நேரம் என்னோடதுதானே."

"சாப்பிடற மாதிரி தெரியலையே."

"மென்னுட்டுத்தான் இருக்கேன்."

முதலாளி தன் இடத்துக்குப் போய்விட்டார். நல்ல மனுஷன்தான், சம்பளம் கூட்டச் சொன்னால் மட்டும் காது அடைத்துக்கொள்ளும்.

பன்னிரண்டு படம் முடித்தாள். ஓரத்தில் பிசிறு இல்லை, நிறம் பளிச்சென்று இருந்தது. பத்தொன்பது வருடத்துக் கைத்திறமை அத்தனையும் அதில் இருந்தது. வீட்டுக்குக் கொண்டுபோய் டிவியில் போட்டுக் காட்டினாள். புருஷன் பன்னிரண்டையும் பார்த்தான். "இல்ல" என்றான். போர்வையை இழுத்து முகத்தை மூடிக்கொண்டான். அன்றைக்கு ஞாயிறு, பகல் மூன்று மணி வெயில், போர்வைக்கு அவசியமே இல்லை. அவள் கட்டிலின் மறு ஓரத்தில் உட்கார்ந்தவள், உட்கார்ந்தபடியே கண்ணை மூடினாள். அழுகை வரும் என்று பார்த்தாள். கொட்டாவிதான் வந்தது. பதினான்கு நாள் மிச்சம் இருந்தது.

கடையைக் கூட்டித் துடைக்க ஒரு அக்கா வருவாள். பள்ளிக்கூட வாசலை மிதிக்காதவள். ஆனால் அவள் வாய்க்கு நாலு வக்கீல் பதில் சொல்ல முடியாது. மறுநாள் காலையில் வாளியும் கையுமாக வந்தவள் தரையில் நுரையைக் கொட்டிவிட்டு நின்றாள்.

"பாரும்மா இந்த அநியாயத்தை. தேய்க்கத் தேய்க்க நுரை. இது தலைக்குப் போடறதாம்."

"ஏன்க்கா அதைப் போய் வாங்கினீங்க?"

"பூப் படம் போட்ட பாட்டில்தானே தரைக்கு? மூணு வருஷமா பூதான். இப்போ தரை பாட்டில்ல ஒரு குழந்தை தவழுது, பூவைத் தூக்கித் தலைக்கு வெச்சுட்டானுங்க. அவனுக்கு என்ன, இஷ்டத்துக்கு மாத்திடறான்."

"மேல பேர் எழுதியிருக்குமே, யாரையாவது கேட்டிருக்கலாம்ல?"

அக்கா துடைப்பத்தைச் சுவரில் சாத்தினாள். "எழுத்து தெரிஞ்ச உங்களுக்குப் படம் அலங்காரம். எனக்கு அதான் பேரு. உன் பேரை ராத்திரியோட ராத்திரியா மாத்திட்டு, காலையில ஏன் திரும்பிப் பார்க்கலைன்னா நீ என்ன செய்வே?"

அவள் கை மௌஸின் மேல் அப்படியே நின்றுவிட்டது. எழுத்து போனவனுக்குப் படம்தான் பெயர் என்றால், தான் பன்னிரண்டு பெயரை மாற்றி வைத்துவிட்டு ஏன் அடையாளம் தெரியவில்லை என்று கேட்டுக்கொண்டிருக்கிறோம். இவ்வளவு நாள் அவன் தேடியது அழகான படத்தை அல்ல, பழைய படத்தை. எழுதப் படிக்கத் தெரிந்தவளுக்கு இது விளங்க ஒரு பாட்டில் நுரை வேண்டியிருந்தது.

அன்று மத்தியானமே கொழுந்தனுக்குப் போன் போட்டாள். பின்னால் தள்ளுவண்டிகள் கடகடத்தன.

"தம்பி, நீங்க ரெண்டு பேரும் விளையாடினீங்களே, பெட்டியில செருகற அந்த கேசட் மேல என்ன படம் ஒட்டியிருந்துச்சு?"

"எந்த கேசட் அண்ணி?"

"எதுவா இருந்தாலும் சரி. விமான கேமுக்கு?"

"விமானத்துக்கா? புலி."

"விளையாடாதீங்க தம்பி. எனக்கு நேரம் இல்லை."

"அட, நிஜமாத்தான் அண்ணி. அதெல்லாம் ஒரிஜினலா? கள்ள கேசட். வித்தவன் கையில எந்த ஸ்டிக்கர் இருக்கோ அதை ஒட்டிடுவான். விமானத்துக்குப் புலி, கார் ரேஸுக்குக் குத்துச்சண்டைக்காரன், டாங்கி கேமுக்குக் குதிரை மேல ஒரு பொம்பளை. உள்ள இருக்கறதுக்கும் வெளிய இருக்கறதுக்கும் ஸ்நானப் பிராப்தி கிடையாது."

"அப்போ புலி வரவே வராதா?"

கொழுந்தன் சிரித்தான். "அதை உங்க வீட்டுக்காரரைக் கேளுங்க. கடைசிக் கட்டத்துல புலி வரும், அதுவரைக்கும் நான்தான் ஆடணும், நீ பார்த்துட்டே இருன்னு சொல்லி ஒரு வருஷம் என் கையில குடுக்கவே இல்லை. நானும் வாயைப் பொளந்துட்டுப் புலிக்காக உட்கார்ந்திருந்தேன்."

அவளும் சிரித்தாள். சிரித்து எத்தனை நாள் ஆயிற்று என்று கழுத்து நரம்பு சொல்லிற்று.

மூன்றே மூன்று அட்டையைத்தான் கொழுந்தனால் உறுதியாகச் சொல்ல முடிந்தது. முதலில் புலியை எடுத்துக்கொண்டாள். புலிப்படம் ஆயிரம் கிடைக்கும். அதைப் பழைய மலிவு ஸ்டிக்கர் ஆக்குவதுதான் பாடு. வாழ்நாளெல்லாம் அவள் கறையை எடுத்தவள். இப்போது கறையை வைக்க வேண்டியிருந்தது. சிவப்பு மையை ஒரு மயிரிழை தள்ளி விழ வைத்தாள், அந்தக் காலத்து அச்சு அப்படித்தான் விலகியிருக்கும். மஞ்சளை வெயிலில் வெளிற வைத்தாள். விரல் பட்டுத் தேய்ந்த இடம், எண்ணெய் ஊறிய ஓரம், கிழிந்த ஒரு மூலை. மூலையை யார் கிழித்தது என்று கொழுந்தனுக்குத் தெரியும், சொல்ல மாட்டான். முதலாளி பின்னால் வந்து நின்று, "நல்ல படத்தை ஏம்மா இப்படிப் பாழாக்கறே, மனசு வலிக்குது" என்றார். "எனக்குக் கையே வலிக்குது சார்" என்றாள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை சாப்பிட்டு முடித்த பிறகு பெட்டியைச் செருகினாள். பொத்தான் பலகையை அவன் மடியில் வைத்துவிட்டுத் துணி மடிக்க உட்கார்ந்தாள்.

அவன் வேண்டாவெறுப்பாக நகர்த்தினான். ஒன்று, இரண்டு, மூன்று. ஏழாவதில் நின்றான்.

ரொம்ப நேரம் நின்றான். பிறகு எழுந்தான். பாதிக் காலை இழுத்துக்கொண்டு டிவிவரை போனான். பலகையின் கம்பி காலில் இழுபட்டுப் பெட்டி கீழே விழப் பார்த்தது, அதைக்கூடக் கவனிக்கவில்லை. தோளை ஒரு வெட்டு வெட்டினான். வலது கை ஆடி, மேலே போய், புலியின் வாயில் விரல் முட்டியால் இடித்தது.

"இல்ல."

அவள் மடித்த துணி மடியிலேயே இருந்தது. "என்ன இல்லைங்க?"

"இல்ல." மறுபடி இடித்தான். அதே இடம். உறுமுவதற்குத் திறந்திருந்த வாய்.

அவள் கொழுந்தனைப் போனில் கூப்பிட்டு ஸ்பீக்கரில் போட்டாள். "தம்பி, அந்தப் புலி வாயைத் திறந்திருந்துச்சா, மூடியிருந்துச்சா?"

"திறந்துதான் இருந்துச்சு. பல்லெல்லாம் தெரியும்."

"இல்ல" என்றான் புருஷன், போனைப் பார்த்து.

"என்ன இல்ல? நான் ஒரு வருஷம் பார்த்துட்டு உட்கார்ந்திருந்தேன், எனக்குத் தெரியாதா?"

"இல்ல!" பிறகு அந்த நாலாவது வார்த்தை.

"பார்த்தீங்களா அண்ணி, நான் எது சொன்னாலும் இவருக்குத் தப்பு. பல்லு முளைச்ச நாள்லேருந்து இதே…" கொழுந்தன் நடுவில் நிறுத்தினான். "அண்ணி, அவர் என்கூடச் சண்டையா போடறாரு?"

"ஆமா தம்பி."

"சரி, மூடியே போட்டுடுங்க. அவர் சொன்னா சரியாத்தான் இருக்கும்."

புலியின் வாயை மூடினாள். மறுநாள் கொண்டுவந்து காட்டினால், மீசை மயிர் சரியில்லை. அதற்கு மறுநாள், புலிக்குப் பின்னால் வானம் பச்சையாம். பச்சை என்று கண்டுபிடிக்க அவள் வீட்டிலுள்ள துணி எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகத் தூக்கிக் காட்ட வேண்டியிருந்தது. ஒவ்வொரு தடவையும் அந்தக் கை எழுந்து இடித்தது. நாலாவது புலியைப் பார்த்தபோது இடிக்கவில்லை. திரும்பி வந்து உட்கார்ந்தான். இடது கையால் வலது கையைத் தூக்கிப் பலகையின் மேல் வைத்தான். கட்டைவிரலைப் பொத்தான் மேல் நிறுத்தினான், லிஃப்ட்டுக்குத் திருகாணி வைக்கிற மாதிரி, பார்த்து. அமுக்கினான். முதலில் அமுங்கவில்லை. நெற்றியில் வியர்வை வந்தது. பிறகு அமுங்கிற்று.

விமானம் கிளம்பியது. கிளம்பிய வேகத்தில் விழுந்தது. அவன் மறுபடி அமுக்கினான்.

அவளுக்குக் கைதட்டத் தோன்றவில்லை. நின்று பார்க்கக்கூடத் தெம்பு இல்லை. சமையலறைக்குப் போய்த் தண்ணீர் குடித்தாள். உள்ளே விமானங்கள் விழுகிற சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. அதன் பிறகு தினமும் கேட்டது. அவள் வேலைக்குக் கிளம்பும்போதும் கேட்டது, வேலை விட்டு வரும்போதும் கேட்டது.

மாசக் கடைசி வந்தது. ஆஸ்பத்திரியில் துளைப் பலகையை எடுத்து வைத்தார்கள். பயிற்சிப் பெண்ணோடு அவளுக்கு மேலதிகாரி ஒருவரும் உட்கார்ந்திருந்தார், கையில் தாள்.

"சார், ஒரே ஒரு குச்சி" என்றாள் பெண் அவனிடம்.

அவன் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"கப்?"

"இல்ல."

இவளுக்குக் காதெல்லாம் சூடாகிவிட்டது. "என்னங்க, ஒரு தடவை. எனக்காக" என்றாள். அவன் ஜன்னலைப் பார்த்தான். கழுதைக்கு வாழ்க்கைப்பட்டால் உதைக்கு அஞ்ச முடியுமா என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டு, மேலதிகாரியிடம் திரும்பினாள். "சார், வீட்டுல செய்யறாரு. சத்தியமா செய்யறாரு. விமானம் ஓட்டறாரு."

"விமானமா?" என்றார் அவர். எழுதுகிற பேனா நின்றது. பரிதாபமாகப் பார்த்தார். புருஷனுக்கு முடியவில்லை, இப்போது பெண்டாட்டிக்கும் ஏதோ ஆகிவிட்டது என்கிற பார்வை.

பயிற்சிப் பெண் குனிந்து அவன் வலது கையைத் தன் கையில் எடுத்தாள். விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தாள். கட்டைவிரலைத் திருப்பியவள், அப்படியே வெளிச்சத்தின் பக்கம் பிடித்தாள். விரல் நுனியில் ஒரு கொப்புளம் வந்து, உடைந்து, அதன் மேல் தோல் காய்ந்து, அதன் ஓரத்திலேயே இன்னொரு கொப்புளம் புதிதாக வந்திருந்தது.

"சார், இங்க பாருங்க" என்று மேலதிகாரியைக் கூப்பிட்டாள். "இது சும்மா கிடந்த கைக்கு வராது."

அவர் தொட்டுப் பார்த்தார். அமுக்கிப் பார்த்தார். அவன் வலியில் கட்டைவிரலை வெடுக்கென்று இழுத்துக்கொண்டான். இழுத்ததையும் அவர் பார்த்தார். தாளில் ஏதோ எழுதி, "இன்னும் ஆறு வாரம்" என்றார். "அதுக்கப்புறம் மறுபடி பார்க்கலாம்." பயிற்சிப் பெண் துளைப் பலகையை எடுத்து அலமாரியில் வைத்தாள். "அடுத்த தடவை வரும்போது அந்த விமானத்தைக் கொண்டுவாங்க சார்" என்றாள்.

திரும்பும் பஸ்ஸில் இருவருக்கும் உட்கார இடம் கிடைத்தது. ஆறு வாரம். அவள் அதை மனதுக்குள் ஒரு தடவை சொல்லிப் பார்த்தாள். சந்தோஷம் வரவேண்டிய இடத்தில் தூக்கம்தான் வந்தது. கண்ணை மூடினாள். மூடிய கொஞ்ச நேரத்தில் உள்ளங்கையில் ஏதோ ஊர்ந்தது.

அவன் வலது கையின் விரல். நடுங்கி நடுங்கி ஒரு கோடு இழுத்தது, வளைந்தது, கீழே நாலு கால் போட்டது.

"அடுத்த அட்டைக்கா? குதிரையா?" என்றாள், கண்ணைத் திறக்காமல். "குதிரை மேல ஒரு பொம்பளையா?"

"இல்ல."

"நாற்காலியா?"

அவன் எரிச்சலோடு அவள் கையைப் பிடித்துத் தன் மடிக்கு இழுத்தான்.

"தூங்க விடுங்களேன். வீட்டுக்குப் போய்ப் பார்த்துக்கலாம்."

அவன் விடவில்லை. முதல் கோட்டிலிருந்து மறுபடி ஆரம்பித்தான். அவள் கண்ணைத் திறந்து, கையை விரித்து, குனிந்து பார்த்தாள்.